மூலைக் கம்பி

சுரேஷ்கண்ணன் மெட்ராசில் என்ன வேலை பார்க்கிறான் என்று யாராவது கேட்டால், காமயகவுண்டன்பட்டியில் தடுமாறாமல் பதில் சொல்லக்கூடியவள் அவனுடைய மதினி பவுனு ஒருத்திதான்.

"பன்முகக் கலைஞரா இருக்காரு" என்பாள். பெண் வீட்டுக்காரர்களிடம் சொல்லிச் சொல்லி நாக்குக்குப் பழகிப்போன வார்த்தை அது.

"படம் வரையிறாகளா?"

"அதுவும்."

"சினிமாப் படம் எடுக்கிறாகளா?"

"அதுவும் உண்டு. ஆனா தியேட்டருக்கு வராது."

"ஆடுறது, பாடுறது?"

"ரெண்டு மணி நேரம் அசையாம நிப்பாரு. அது ஒரு ஐட்டம்."

வந்தவர்கள் காப்பித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டு, "அசையாம நிக்கிறதுக்கு எவுக சம்பளம் குடுக்கிறாக?" என்று கேட்பார்கள். அந்த இடத்தில் பவுனுவுக்கு அடுப்பில் பால் வைத்தது ஞாபகம் வந்துவிடும். எழுந்து உள்ளே போய்விடுவாள். அப்படிப் பால் பொங்கிப் பொங்கியே சுரேஷ்கண்ணனுக்கு முப்பத்தெட்டு வயதாகிவிட்டது.

மெட்ராசில் அவன் பெயர் சுரேஷ் காமயா. கார்டில் அப்படித்தான் அச்சடித்திருந்தான். பக்கத்துத் தோட்டத்து வேல்பாண்டி அதை வாங்கி முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்துவிட்டு, "ஊருப் பேருல பாதிய எடுத்துக்கிட்டாரு. மீதிய நம்ம வச்சிக்கிற வேண்டியதுதான்" என்றான். கார்டைத் தூர எறியவில்லை. டிராக்டர் சாவியோடு சேர்த்து ரப்பர் பேண்டு போட்டு வைத்துக்கொண்டான்.

அண்ணன் சின்னச்சாமிக்கு ஒரே முகம்தான். ஊருக்கு மேற்கே ஒன்றரை ஏக்கர் பன்னீர் திராட்சை. பங்குனியில் கவாத்து வெட்டியது, இந்த ஆனிக் கடைசியில் பழம் வெட்டுக்கு வந்திருந்தது. போன வெட்டை மழை தின்றுவிட்டது. காய் பழுக்கிற நேரத்தில் ஒரு வாரம் விடாமல் பெய்து, பழமெல்லாம் வெடித்து, பந்தலுக்குக் கீழே குளவி மொய்த்துக் கிடந்தது. இந்த முறை மழை தப்பித்தது. காற்றுதான் மிச்சம். மலை இடுக்கில் புகுந்து வருகிற ஆனிக் காற்று காலை ஒன்பது மணிக்குக் கிளம்பி, பொழுதடைகிற வரைக்கும் தோட்டத்தைப் பிடித்து உலுக்கும். வியாபாரி சுந்தர்ராஜ் வந்து கொத்தைத் தூக்கிப் பார்த்து, ஒரு பழத்தை வாயில் போட்டு, "திங்கக்கிழமை ஆள் விட்டுருவோம்ணே" என்று சொல்லிப் போயிருந்தான். அந்தத் திங்கட்கிழமைக்கு இன்னும் நான்கு நாள் இருந்தது.

திராட்சைப் பந்தல் நிற்கிற விதம் பார்க்கச் சாதாரணமாக இருக்கும். ஆள் உயரத்துக்கு மேல் வரிசை வரிசையாகக் கல்தூண்கள். அவற்றின் தலையில் குறுக்கும் நெடுக்குமாகக் கம்பி. கம்பியில் கொடி, கொடியில் பழம். இத்தனை எடையும் தூண்களை உள்பக்கமாகத்தான் சாய்க்கப் பார்க்கும். அதற்காக ஓரத்துக் கல் ஒவ்வொன்றையும் வெளிப்பக்கம் ஒரு கம்பியால் இழுத்து, பூமிக்குள் புதைத்த கல்லில் கட்டியிருப்பார்கள். மூலைக்கல்லின் இழுவைக் கம்பி மற்றதைவிடத் தடிமன். இதெல்லாம் ஊரில் ஆறு வயதுப் பிள்ளைக்கும் தெரியும்.

சுரேஷ்கண்ணன் வந்து இருபது நாளாயிற்று. கூடவே ஒரு கட்டு வெள்ளைத் துணி, ஒரு மூட்டை அடுப்புக்கரி, கேமரா, கம்பம் டவுன் வெல்டிங் பட்டறையில் செய்துவாங்கிய ஆள் உயர இரும்புச் சட்டம் நான்கு. வடமேற்கு மூலைக்கல்லில் 'மு. சி.' என்று இரண்டு எழுத்து வெட்டியிருக்கும். கொள்ளுத்தாத்தா பெயர் சின்னச்சாமி. அவருடைய அப்பா முத்துராஜா. அண்ணனுக்குக் கொள்ளுத்தாத்தா பெயரைத்தான் வைத்திருந்தார்கள். கல்லில் துணியைப் போர்த்திக் கரியால் தேய்த்தால் எழுத்து துணியில் ஏறும். அந்தத் துணிகளை இரும்புச் சட்டத்தில் மாட்டி, ஆவணியில் சென்னையில் கண்காட்சி. அதற்கு அவன் எழுதிய வாசகம் ஏற்கெனவே அச்சுக்குப் போய்விட்டது. ஒருநாள் சாயங்காலம் அதைப் பவுனுவிடம் வாசித்துக் காட்டினான்.

"'என் கொள்ளுத்தாத்தா தன் பெயரைக் கல்லில் நட்டார். நான் அதிலிருந்து முளைத்தேன். அந்தக் கல்லை இழுத்துப் பிடித்த கம்பியில் தொங்கித்தான் என் உடல் தன் முதல் எடையை அறிந்தது.'"

பவுனு முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். "நல்லாத்தேன் இருக்கு. தொங்குனதுக்கு மாமா கம்பெடுத்து அடிச்சாகன்னு ஒங்க அண்ணன் சொல்லுவாக. அதக் காணமே?"

"அது இதுல வராது மதினி."

"ஏன், அடி நெனப்புல இல்லையா?"

"இருக்கு. அது வேற வொர்க். 'அப்பாவின் கை'ன்னு ரெண்டாயிரத்துப் பதினெட்டுல பண்ணிட்டேன்."

"அடிச்சதுக்குத் தனியா, தொங்குனதுக்குத் தனியா" என்று பவுனு கீரைக் காம்பைத் தள்ளி வைத்தாள். "வெவரந்தேன்."

அவனுக்கு இன்னொரு ஆசையும் இருந்தது. பத்துப் பேர் பந்தலுக்குக் கீழே கையை உயர்த்தி நிற்க வேண்டும். நாற்பது நிமிடம். அதை அவன் வீடியோ எடுப்பான். பழம் வெட்டுகிற பெண்களைச் சேர்த்துக் கூட்டிவருகிற கொத்துக்காரி மொக்கம்மாளிடம் போய்க் கேட்டான்.

"வெட்டுக்கா தம்பி?"

"வெட்டு இல்லக்கா. சும்மா கையத் தூக்கிக்கிட்டு நிக்கணும்."

"எதுக்கு?"

"நினைவைத் தாங்குற மாதிரி."

மொக்கம்மாள் வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு யோசித்தாள். "போலீசுக்காரன் புடிச்சு நிக்க வச்ச மாதிரி இருக்குமே தம்பி. கூலி தாரீகதான், இல்லங்கல. ஊரு சிரிக்குமே." ஒருத்தியும் வரவில்லை.

வியாழக்கிழமை விடிகாலையில் ஜெயமங்கலத்திலிருந்து போன் வந்தது. பவுனுவின் சித்தப்பா இறந்துவிட்டார். புருசனும் பெண்சாதியும் முதல் பஸ்ஸில் துட்டிக்குக் கிளம்பினார்கள். போகும்போது சின்னச்சாமி, "தண்ணி கிண்ணி எதுவும் பாச்ச வேணாம். தோட்டத்த ஒரு எட்டு மட்டும் பாத்துக்க" என்று தம்பியிடம் சொன்னான். அன்று மதியம்தான் கண்காட்சியை நடத்துகிற பவானி மேடம் மதுரையில் விமானம் இறங்கி, கல்லைப் பார்க்கக் காரில் வருவதாக இருந்தது.

சுரேஷ்கண்ணன் பதினோரு மணிக்குத் தோட்டத்துக்குப் போனான். கேமராவை ஸ்டாண்டில் நிறுத்தினான். ஏணி போட்டு ஏறித் துணியைப் போர்த்தினான். 'மு. சி.' நன்றாகவே விழுந்தது. ஆனால் எழுத்துக்குக் கீழே இழுவைக் கம்பி ஐந்து சுற்றுச் சுற்றியிருந்தது. கம்பிக்கு அடியில் இன்னும் ஏதோ வெட்டியிருந்தது. வருசமாக இருக்கும். வருசம் தெரிந்துவிட்டால் வாசகம் முழுமையாகிவிடும். பத்து நிமிட வேலை. அவிழ்த்துத் தேய்த்துவிட்டுத் திரும்பச் சுற்றிவிடலாம். கட்டிங் பிளேயரை எடுத்தான். முறுக்கு இறுகித் துருப்பிடித்திருந்தது. மூன்று முறுக்கை விரித்தான். மிச்சத்தைக் கம்பியே விரித்துக்கொண்டு, சாட்டை மாதிரி சீறிப் போய் வாய்க்காலில் விழுந்தது.

கம்பி இருந்த இடத்தில் சின்னதாக, ஒரு விரல் நீளத்துக்கு, ஒரு சிலுவை இருந்தது.

அவன் ஏணியில் நின்றபடி அந்தச் சிலுவையைப் பார்த்தான். தடவிப் பார்த்தான். தன் கொள்ளுத்தாத்தாவுக்கும் அதற்கும் என்ன சம்பந்தம் இருக்க முடியும் என்று யோசித்தான். நல்ல யோசனைதான். இரண்டு நிமிடம் யோசித்திருப்பான். அதற்குள் கல் உள்பக்கமாக ஒரு சாண் சாய்ந்து, ஏணி நழுவி, அவன் வாய்க்கால் வரப்பில் உட்கார்ந்திருந்தான். எதிரே பந்தலின் மூலை மெதுவாக, அவசரமே இல்லாமல், இறங்கிக்கொண்டிருந்தது. தலைக்கு மேலே இருந்த பழம் மார்புக்கு வந்தது. காற்று ஒரு தள்ளுத் தள்ளியது. அடுத்த கல்லும் லேசாகத் தலையாட்டியது.

கொடி ஒடிந்தால் நஷ்டம் ஒரு வெட்டோடு போகாது. பன்னிரண்டு வருசத்துத் தண்டு. முறிந்தால் புதிதாக வைத்து, பந்தலில் ஏற்றி, காய்க்க வைக்க இரண்டு வருசமாகும். அது அவனுக்கும் தெரிந்திருந்தது. ஓடினான்.

வேல்பாண்டி தோட்டத்தில் மொக்கம்மாளும் எட்டுப் பெண்களும் இலை கிள்ளிக்கொண்டிருந்தார்கள். அவன் மூச்சிரைக்கச் சொன்னதில் 'கம்பி', 'மூலை' என்கிற இரண்டு வார்த்தை போதுமானதாக இருந்தது. மொக்கம்மாள் முந்தானையை உருவிச் சும்மாடு சுற்றிக்கொண்டே நடந்தாள்.

"ஏய், ஒருத்தியும் கொடியத் தூக்காதீக, கம்பியத் தூக்குங்க! கவுட்டுக்குக் கவுடு ஒரு ஆளு. பாண்டி, நீ கம்பு எடுத்தாடா!"

வேல்பாண்டி சவுக்குக் கம்பு எடுக்க டிராக்டரைக் கிளப்பிக்கொண்டு ஊருக்குள் போனான். போகிற வழியிலேயே சின்னச்சாமிக்குப் போன் போட்டான். பெண்கள் குனிந்து பந்தலுக்குள் நுழைந்து, கம்பியைத் தலையிலும் கையிலும் தாங்கி ஒரு முழம் உயர்த்தினார்கள். சுரேஷ்கண்ணன் மூலையில் கல்லை ஒட்டி, இரண்டு கையாலும் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான். பழுத்த கொத்துகள் அவன் காதை உரசிக்கொண்டிருந்தன. எதிரே ஸ்டாண்டில் கேமரா அவனைப் பார்த்தபடி நின்றது. அதை ஓட விட்டிருக்கவில்லை. நான்கடி தூரம்தான். ஒரு கையை எடுத்தால் எட்டிவிடலாம்.

"தம்பி, அங்குட்டுப் பாக்காதீக" என்றாள் மொக்கம்மாள். "கையப் பாருங்க."

கால் மணி நேரத்தில் வெள்ளைக் கார் ஒன்று வண்டிப்பாதையில் வந்து நின்றது. பவானி மேடம் இறங்கினார். கைத்தறிச் சேலை, பெரிய வெள்ளி வளையம், குளிர்க்கண்ணாடி. பந்தலுக்குள் ஒன்பது பெண்கள் கையை உயர்த்தி நிற்பதையும், மூலையில் சுரேஷ் காமயா வியர்த்து ஒழுக நிற்பதையும் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றினார்.

"ஓ மை காட், சுரேஷ். நீ ஆரம்பிச்சிட்டியா!"

"மேடம், அது..."

"ஏத்தா" என்று உள்ளேயிருந்து குரல் வந்தது. "பாத்துக்கிட்டே நிக்கிறயே. உள்ள வா. அந்தத் தண்டுக்கு ஆளில்ல."

"நானா?"

"பின்ன ஒங்காரா? வா தாயி, குனிஞ்சு வா. மண்டையக் கொத்துல இடிச்சிறாத, பழம் உதுந்துரும். டிரைவர் தம்பி, நீயும் வாப்பா. ஒசரமா இருக்க."

பவானி செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார். அப்படித்தான் வரவேண்டும் என்று நினைத்திருப்பார் போல. கையை உயர்த்திக் கம்பியைப் பிடித்தார். எடை தெரிந்ததும் முகத்தில் ஒரு மலர்ச்சி வந்தது. "பியூட்டிஃபுல். ஆடியன்ஸும் உள்ள வரணும்னு நீ சொல்லவே இல்லையே. டியூரேஷன் எவ்வளவு?"

சுரேஷ்கண்ணன் வாயைத் திறப்பதற்குள் மொக்கம்மாள் சொன்னாள்: "வேல்பாண்டி கம்பு கொண்டார வரைக்கும்."

பவானி அதையும் ரசித்துத் தலையாட்டினார். ஐந்து நிமிடம் போயிற்று. பத்து நிமிடம் போயிற்று.

"கொஞ்சம் கையை இறக்கிக்கலாமா?"

"எறக்குனா ஒடிஞ்சுரும்."

"சிம்பாலிக்காவா?"

"கொடி ஆத்தா. ஒடிஞ்சுருமுங்கிறேன்."

"நிஜமாவா?"

"சுரேசு தம்பி, இந்தம்மாகிட்ட நீங்களே சொல்லுங்க."

சுரேஷ்கண்ணன் சொன்னான். பவானி கேட்டுக்கொண்டார். நெற்றியிலிருந்து வியர்வை இறங்கிக் கண்ணுக்குள் போயிற்று. துடைக்கக் கை இல்லை. பக்கத்தில் நின்ற பெண் தன் தோளை நீட்டி, "இதுல தொடச்சுக்கங்க" என்றாள். பவானி அவள் தோளில் முகத்தைத் துடைத்துக்கொண்டார். அதற்குப் பிறகு ஆங்கிலம் குறைந்துவிட்டது.

"எதுக்குத் தம்பி மூலைக் கம்பிய அவுத்தீக?" என்று மொக்கம்மாள் கேட்டாள். அதட்டலாகக் கேட்கவில்லை. பொழுது போக வேண்டுமே.

"கீழ என்ன எழுதியிருக்குன்னு பாக்கக்கா."

"பாத்தீகளா?"

"பாத்தேன்."

"என்ன இருந்துச்சு?"

"சிலுவை."

டிரைவர் அவனைத் திரும்பிப் பார்த்தான். மொக்கம்மாள் மட்டும், "ஆமா, இருக்கும்" என்றாள். "ராயப்பன்பட்டிக் கல்லுல்ல."

"என்னக்கா சொல்றீக?"

"அங்கன வேதக்காரரு ஒருத்தரு திராச்சத் தோட்டத்த அழிச்சாரு. கல்லெல்லாம் ஒங்கய்யாதேன் வெலைக்கு வாங்கியாந்தாக. எனக்குக் கல்யாணமான புதுசு. வண்டியில இருந்து எறக்குனதே நாங்கதேன். தோள்பட்ட தோல் உரிஞ்சுபோச்சு."

"அப்ப மு. சி.?"

"முத்துச் சின்னப்பன். நல்ல மனுசன். கல்லு ஏத்தி விட்டப்ப எங்களுக்கெல்லாம் டீயும் வடையும் வாங்கிக் குடுத்தாரு. மத்த தோட்டக்காரவுக வெறுந்தண்ணி கூடக் குடுக்க மாட்டாக."

சுரேஷ்கண்ணன் பக்கத்தில் நின்ற கல்லைத் திரும்பிப் பார்த்தான்.

"நீங்க ஏன் எங்கிட்டச் சொல்லல?"

"நீங்க கேக்கவே இல்லையே தம்பி. கையத் தூக்கிட்டு நிக்கிறியான்னுதான கேட்டீக."

ஒரு பெண் சிரித்ததில் கம்பி குலுங்கி நான்கைந்து பழம் உதிர்ந்தது. "ஏய், சிரிக்காத!" என்று மொக்கம்மாள் அதட்டிவிட்டு, அவளும் வாயை இறுக்கிக்கொண்டு நின்றாள்.

பவானி தாழ்ந்த குரலில் கேட்டார்: "சுரேஷ், கேட்டலாக் பிரிண்டுக்குப் போயிடுச்சு இல்ல?"

"போயிருச்சு மேடம்."

"எத்தனை காப்பி?"

"ஐநூறு."

வேல்பாண்டி வந்தபோது மணி பன்னிரண்டரை. சவுக்குக் கம்பு பதினான்குதான் கிடைத்தது. வீடு கட்டுகிறவர்கள் மிச்சத்தை எடுத்துப் போயிருந்தார்கள். ஒவ்வொரு கம்பாக ஊன்ற ஊன்ற ஒவ்வொரு ஆளாகக் கையை இறக்கினார்கள். மூலைக்குப் போதவில்லை. வேல்பாண்டி சுற்றுமுற்றும் பார்த்தான். மோட்டார் ரூமில் சாய்த்து வைத்திருந்த நான்கு இரும்புச் சட்டமும் கண்ணில் பட்டது.

"அண்ணே, அது கண்காட்சிக்கு..." என்றான் சுரேஷ்கண்ணன்.

வேல்பாண்டி அதற்குள் இரண்டைத் தூக்கி வந்துவிட்டான். "கம்பத்துல நல்லாத்தேன் அடிச்சுக் குடுத்திருக்கான். அளவெடுத்த மாதிரி இருக்கு" என்று சொல்லிக்கொண்டே மூலையில் நிறுத்தினான்.

சின்னச்சாமியும் பவுனுவும் ஆட்டோவில் வந்து இறங்கினார்கள். திரும்பி வருகிற வழியில் சின்னமனூர் தாண்டும்போதுதான் போன் கிடைத்திருக்கிறது. சின்னச்சாமி வண்டிப்பாதையில் ஓடி வந்தான். வரப்பு வரைக்கும் வந்து, சட்டென்று நின்றுவிட்டான். சாவு வீட்டிலிருந்து வந்தவன் குளிக்காமல் காய்த்து நிற்கிற கொடிக்குள் கால் வைக்க மாட்டான். ஊரில் யாரும் வைக்கமாட்டார்கள். உள்ளே தன் தோட்டம் சரிந்து கிடக்கிறது. இவன் வரப்பில் நின்று கழுத்தை நீட்டி நீட்டிப் பார்க்கிறான்.

"மூணாவது கல்லு சாஞ்சிருக்கா?"

"இல்லண்ணே, நிக்குது!" என்றான் வேல்பாண்டி.

"மூலைத் தண்டு?"

"தெரியல, வந்து பாருங்க!"

"வரணுமே" என்று சின்னச்சாமி மோட்டார் ரூமுக்கு ஓடி சுவிட்சைப் போட்டான். கரண்டு இல்லை.

"தொட்டியில முங்குங்க!" என்று பவுனு பின்னாலிருந்து கத்தினாள். "பாசி கெடந்தா என்ன, தண்ணி தண்ணிதான!"

சின்னச்சாமி வேட்டி சட்டையோடு தொட்டியில் இறங்கி மூன்று முங்கு முங்கினான். அவனுக்குப் பின்னால் பவுனுவும் முங்கினாள். இரண்டு பேரும் பாசி ஒட்டின தலையோடு தண்ணீர் சொட்டச் சொட்டப் பந்தலுக்குள் நுழைந்தார்கள். பவானி மேடம் அவர்களைப் பார்த்தார். ஒதுங்கி வழிவிட்டார்.

சின்னச்சாமி ஒவ்வொரு தண்டாகத் தடவிக்கொண்டே வந்தான். மாட்டைத் தடவுகிற மாதிரி அடியிலிருந்து மேலே. நல்லதைத் தாண்டிப் போனான். மூன்று தண்டில் மட்டும் கை நின்றது. மூன்றும் கிளை பிரிகிற கவுட்டில் பிளந்து, வெள்ளைச் சதை தெரிந்தது. அவற்றை விட்டு விலகி வர அவனுக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. பிறகு தம்பியிடம் வந்தான். தம்பி இன்னும் கையை இறக்கவில்லை.

"விட்டுறாத" என்றான் சின்னச்சாமி. அவ்வளவுதான் பேச்சு.

வேல்பாண்டி டிராக்டரை வெளிப்பக்கம் கொண்டுவந்து மூலைக்கல்லில் சங்கிலியை மாட்டினான். "அடி அடியா" என்று சின்னச்சாமி கையைக் காட்ட, டிராக்டர் உறுமிக்கொண்டு அடி அடியாக இழுத்தது. கல் நிமிர்ந்தது. அதோடு பந்தலும் முனகிக்கொண்டு எழுந்தது. சின்னச்சாமி வாய்க்காலிலிருந்து பழைய கம்பியை எடுத்து, சிலுவைக்கு மேலேயே ஐந்து சுற்றுச் சுற்றி, முறுக்கினான். அப்போதுதான் சுரேஷ்கண்ணன் கையை இறக்கப் பார்த்தான். இறங்கவில்லை. பவுனு வந்து ஒவ்வொரு கையாகப் பிடித்து இறக்கிவிட்டாள்.

மொக்கம்மாள் கொண்டுவந்திருந்த தூக்குவாளியில் தக்காளிச் சோறு இருந்தது. எல்லாரும் வரப்பில் உட்கார்ந்தார்கள். பவானியால் விரலை மடக்க முடியவில்லை. பவுனு உருட்டிக் கொடுத்தாள். "எங்க கொழுந்தனாரு ஒங்ககிட்டதான் வேல பாக்குறாரா?"

"என்கூட வேலை பார்க்கிறார்."

"மாசாமாசம் குடுப்பீகளா?"

பவானி சோற்றை மென்றுகொண்டே யோசித்தார். பவுனு அடுத்த உருண்டையை நீட்டினாள். "சாப்பிடுங்க. பொண்ணு வீட்டுக்காரவுக கேட்டா சொல்றதுக்குத்தேன் கேட்டேன்."

பொழுது சாயும்போது எல்லாரும் போய்விட்டார்கள். காற்று அடங்கியிருந்தது. சின்னச்சாமி பிளந்த தண்டு மூன்றுக்கும் சாணியும் செம்மண்ணும் குழைத்து அப்பி, சணல் சுற்றிக்கொண்டிருந்தான். பிடிக்கும் என்ற நம்பிக்கை அவனுக்கு இல்லை. சும்மா விட்டுவிட்டுப் போக மனசு வரவில்லை, அவ்வளவுதான். தம்பி சணலைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்திருந்தான்.

"கம்பியில தொங்காதடான்னு அப்பா அடிச்சாகளே. எதுக்குன்னு நெனச்ச?"

சுரேஷ்கண்ணன் சணலைப் பார்த்துக்கொண்டே சொன்னான்: "என்னயப் பிடிக்கலன்னு நெனச்சேன்."

சின்னச்சாமி முடிச்சைப் பல்லால் இறுக்கினான். "அது வேற அடி. இது கம்பிக்கு."

திங்கட்கிழமை சுந்தர்ராஜ் ஆள் விட்டான். மூலையில் பழம் கொஞ்சம் அடிபட்டிருந்தது. மற்றது தப்பியது. சுரேஷ்கண்ணனைக் கத்தரிக்கோலைத் தொட விடவில்லை. பெண்களோடு நிழலில் உட்கார்ந்து, கொத்திலிருந்து நசுங்கின பழத்தைப் பொறுக்கி எடுக்கச் சொன்னார்கள். நாலு நாளாகியும் அவனால் தலை சீவக் கையைத் தூக்க முடியவில்லை. மூன்று தண்டும் அந்த வாரமே காய்ந்துபோயின. சின்னச்சாமி அவற்றை அடியோடு அறுத்து அடுப்புக்குப் போட்டான். இரும்புச் சட்டங்களைத் திருப்பிக் கொடுத்தான். ஒன்று மட்டும் வளைந்திருந்தது.

ஆவணியில் கண்காட்சி திறந்தது. அழைப்பிதழைப் பார்த்துச் சின்னச்சாமி வேண்டாம் என்றான். பவுனு, "மூணு தண்டு குடுத்திருக்கம்ல, என்னத்த வச்சிருக்காருன்னு பாத்துட்டு வருவம்" என்றாள். வேல்பாண்டி தோட்டத்துப் பழம் ஒரு பெட்டியோடு ரயிலேறினார்கள்.

பெரிய கூடம். சுவரெல்லாம் வெள்ளை. குளிர்ந்த காற்று. நடுவே நான்கு இரும்புச் சட்டமும் தூண் மாதிரி நின்றன. வளைந்தது வளைந்தபடியே இருந்தது. மேலே குறுக்கும் நெடுக்குமாகக் கம்பி வலை. வலையில் ஒன்றுமே இல்லை. வந்தவர்கள் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போய், கையை உயர்த்திக் கம்பியைத் தொட்டுக்கொண்டு நின்றார்கள். சிலர் கண்ணை மூடிக்கொண்டார்கள். வாசலில் ஒரு பெண் எல்லாருக்கும் புத்தகம் கொடுத்தாள். பவுனு விரித்துப் பார்த்தாள். 'என் கொள்ளுத்தாத்தா' இருந்த இடத்தில் சின்ன ஸ்டிக்கர் ஒட்டி, 'யாரோ ஒரு முன்னோர்' என்று போட்டிருந்தது. பவுனு நகத்தால் சுரண்டிப் பார்த்தாள். நல்ல பசை.

சின்னச்சாமி வலைக்குக் கீழே போய் நின்று, மற்றவர்களைப் பார்த்துத் தானும் கையை உயர்த்தினான். எடையே இல்லை.

"இதுல எதைத் தாங்கணும்மா?" என்று அந்தப் பெண்ணிடம் கேட்டான்.

"உங்க நினைவுகளை சார்."

"எறக்குனா?"

"ஒண்ணும் ஆகாது சார். எப்ப வேணும்னாலும் இறக்கிக்கலாம்."

சின்னச்சாமி இறக்கிக்கொண்டான். பிறகு அவன் கண் மூலைக்குப் போயிற்று. தம்பி மறக்கவில்லை. நான்கு மூலையிலும் இழுவைக் கம்பி வைத்திருந்தான், ஒவ்வொன்றையும் ஒரு மணல் மூட்டையில் கட்டி. வடமேற்கு மூலையில், வளைந்த சட்டத்தின் கம்பி, தொளதொளவென்று தொங்கியது.

அவன் அங்கே போய்க் குத்தவைத்து உட்கார்ந்தான். தோளில் கிடந்த துண்டைக் கையில் சுற்றிக்கொண்டு முறுக்கைப் பிரிக்க ஆரம்பித்தான்.

"சார், அதைத் தொடக்கூடாது சார்!" என்று அந்தப் பெண் ஓடி வந்தாள். பவுனு, "விடும்மா. அவுகளுக்கு அதப் பாத்துட்டுச் சும்மா இருக்க முடியாது" என்றாள். நான்கைந்து பேர் கையை உயர்த்தியபடியே திரும்பிப் பார்த்தார்கள். யாருடனோ பேசிக்கொண்டிருந்த சுரேஷ்கண்ணனும் பார்த்தான். பேச்சை அப்படியே விட்டுவிட்டு வந்தான்.

"புடி" என்றான் அண்ணன்.

சுரேஷ்கண்ணன் சட்டத்தை இரண்டு கையாலும் வெளிப்பக்கமாக இழுத்துப் பிடித்தான். சின்னச்சாமி கம்பியை இழுத்து, இரண்டு சுற்றுக் கூடுதலாகச் சுற்றி, முறுக்கினான். மேலே வலை ஒரு விரல் அளவுக்கு உயர்ந்தது. விரலால் கம்பியைச் சுண்டிப் பார்த்தான். ரீங்காரம் வந்தது. எழுந்து, துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டான்.

"இதுல எவனையும் தொங்க விட்டுறாத" என்றான்.